மொழி வரலாற்றின் மேல் ஏறி

மனைவி இறந்துபோன நாளில் பேராசிரியர் சாத்திய ஜன்னல் அது. அதன்பிறகு அதைத் திறக்க அவருக்குக் கை வரவில்லை. இன்று அவர் எழுதிய ஆங்கில மொழி வரலாற்றின் தடித்தடியான மூன்று தொகுதிகளை அதன்கீழே அடுக்கி, மேலே ஏறி நிற்கிறாள் ஐந்து வயது மகள். யாரும் தூக்கிவிடக் கூடாதாம், தானேதான் திறப்பாளாம். இடுக்கில் நுழைந்த வெயில் அவள் மூக்கில் கோடு போடுகிறது. கொக்கி விரல்நுனியில் பட்டுப் பட்டு நழுவுகிறது. “ஏண்டா, பத்து வருஷ உழைப்பை மிதிக்கிறா, வேடிக்கை பாக்குறியே,” என்கிறாள் அவருடைய அக்கா. “மிதிக்கட்டும்க்கா. அதை வச்சு இப்பதான் ஒரு ஆள் உசந்திருக்கு.” அக்காவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வருகிறது. “அப்பா, இன்னும் கொஞ்சந்தான் எட்டல,” என்கிறாள் மகள். பேராசிரியர் அலமாரிக்கு ஓடி, ஆங்கில இலக்கிய வரலாற்றையும் உருவிக்கொண்டு வருகிறார்.