புடவை மடிப்பில் ஒரு குருவி

"என் முதல் கதையை ஒழிச்சிக் கட்டப் பார்த்தவங்க, அதோ, மூணாவது வரிசையில உக்காந்துகினு இருக்காங்க."

மேடையில் நின்ற மாணிக்கவேல் தன் மனைவியைக் கைகாட்டினார். கூட்டம் திரும்பிப் பார்த்துச் சிரித்தது. தெய்வநாயகி தலையைக் குனிந்துகொண்டாள்.

ஆரணி நெசவாளர்கள் தங்கள் ஊர்ச் சிறுவர் கதை எழுத்தாளருக்கு 1985-இல் எடுத்த பாராட்டு விழா அது. எந்த மேடை ஏறினாலும் இந்தக் கதையைச் சொல்லாமல் அவர் இறங்கமாட்டார். சிரிக்கச் சிரிக்கத்தான் சொல்வார். உள்ளே இருந்த கசப்பு மட்டும் பன்னிரண்டு வருஷமாகியும் குறையவில்லை.

அப்போது அவர் தறியில் உட்கார்ந்திருந்த காலம். கூடு கட்டத் தெரியாத ஒரு தூக்கணாங்குருவியைப் பற்றிக் கதை எழுதினார். அதற்கு முன் அனுப்பியவை எல்லாம் போன வேகத்தில் திரும்பி வந்திருந்தன. சூடு கண்ட பூனை அடுப்பண்டை போகுமா? இன்னும் கொஞ்சம் திருத்தணும், திருத்தணும் என்றே குருவியை இரண்டு வருஷம் டிரங்குப் பெட்டியில் அடைத்து வைத்திருந்தார்.

ஒரு நாள் பெட்டியைத் திறந்தால் ஒரு தாள்கூட இல்லை.

"ஜரிகை உரசாம மடிப்புல வைக்க வெள்ளைப் பேப்பர் தீர்ந்துபோச்சுங்க. அதான் எடுத்து வெச்சிட்டேன்" என்றாள் தெய்வநாயகி. அவர்கள் நெய்து முடித்த அந்தக் கல்யாணப் புடவையை, ஆர்டர் பிடித்துத் தந்த முதலாளி வாங்கிக்கொண்டு காலை பஸ்ஸிலேயே மெட்ராஸ் போய்விட்டார்.

அன்று மாணிக்கவேல் சோறு தொடவில்லை. ஆடி முழுக்கப் பெண்டாட்டியோடு பேசவுமில்லை. இனி எழுதுவதில்லை என்று பேனாவைத் தூக்கிப் பரண்மேல் எறிந்தார்.

ஆவணியில் தனகோடி என்பவர் வீடு தேடி வந்தார். மெட்ராஸில் சிறுவர் புத்தகம் போடுகிறவர். மகள் கல்யாணத்துக்கென்று மனைவிக்கு எடுத்த புடவையைப் பிரித்தபோது அவள் கையில் குருவிக் கதை கிடைத்ததாம். நெய்தவர் யார் என்று முதலாளியிடம் விசாரித்துக்கொண்டு வந்திருந்தார்.

குருவி புத்தகமாயிற்று. அடுத்தடுத்துப் புத்தகங்கள் வந்தன, மாணிக்கவேல் தறியை விட்டு இறங்கினார். எல்லாம் குலதெய்வத்தின் செயல் என்று பொங்கல் வைத்தார். பெண்டாட்டியை மட்டும் மன்னிக்கவில்லை. எழுதும் அறைக்குப் பூட்டுப் போட்டு, சாவியை அரைஞாணில் கட்டிக்கொண்டார். பெருக்குவதற்குக்கூட அவளை அதற்குள் விட்டதில்லை.

விழா முடிந்ததும் தனகோடியின் மனைவி ரங்கம்மாள் வணக்கம் சொல்ல வந்தாள். விழாவுக்கென்று அதே புடவையைக் கட்டிக்கொண்டு வந்திருந்தாள். முந்தானையை விரித்துக் காட்டினாள்.

"ஒரு பொட்டு மை ஒட்டல பாருங்க. ஒவ்வொரு தாளுக்கும் ரெண்டு பக்கமும் புது வெள்ளைப் பேப்பர் போட்டு, வரிசை மாறாம வெச்சிருந்தாங்க."

மாணிக்கவேலுக்கு எங்கேயோ இடித்தது. வீடு வந்து, வாசலில் செருப்பைக் கழற்றும்போதுதான் கேட்டார்.

"அன்னைக்கு வெள்ளைப் பேப்பர் தீர்ந்துபோச்சுன்னு சொன்னியே?"

தெய்வநாயகி, பூட்டிக் கிடந்த அந்த அறையை ஒரு தரம் பார்த்தாள்.

"புத்தகம் போடுறவங்க வூட்டுப் புடவைன்னு முதலாளியக் கேட்டுகினுதாங்க வெச்சேன்."