துணி உரசும் சத்தம்

"இந்த இடத்துல உன் வயலினைத் தூக்கிடு மச்சான்" என்றான் இயக்குநர், என் நாற்காலிக்குப் பின்னால் நின்றபடி.

கிளைமாக்ஸ் காட்சி. மூன்று வாரம் உட்கார்ந்து போட்ட இசை. மொத்தப் படத்திலும் எனக்கென்று நான் வைத்துக்கொண்டது அந்த இரண்டு நிமிடம்தான்.

"தூக்கிட்டு?"

பென் டிரைவை நீட்டினான். "அழுகை. நம்ம ஹீரோ டப்பிங்ல அழுதா பல்வலிக்காரன் மாதிரி இருக்கு. இது நிஜம், எங்கேயோ கிடைச்சுது. சுத்தம் பண்ணி வை, டீ வாங்கிட்டு வரேன்."

பள்ளிக்கூடத்து நண்பன். கையைக் கடிக்கும் செலவில் அவன் எடுத்த நான்கு குறும்படத்துக்கும் ஒலி, இசை இரண்டும் நான்தான். இது அவனுடைய முதல் பெரிய படம். வந்த கோபத்தை முழுங்கிக்கொண்டு ஹெட்ஃபோனை மாட்டினேன்.

ஒரு ஆண் அழுதான்.

முதல் விம்மலிலேயே என் வயலின் தோற்றுவிட்டது.

யார் பெற்ற பிள்ளையோ, பாவம்.

வேலையை ஆரம்பித்தேன். எல்லாவற்றுக்கும் மேலே துணி உரசும் சத்தம். போனைச் சட்டைப்பைக்குள் வைத்தே பதிவு செய்திருக்கிறார்கள். அழுகிறவனின் மூச்சு மைக்கை ஒட்டி இருந்தது. அந்தச் சட்டையிலேயே முகத்தைப் புதைத்திருக்க வேண்டும்.

உரசலைக் குறைத்தேன். அடியில் மின்விசிறி. அதையும் குறைத்தேன்.

கிறீச்சிடும் சக்கரங்கள். லிஃப்ட் கதவு. தூரத்தில் ஒரு பெண் கூப்பிட்டாள்: "பன்னிரண்டாம் பெட்டுக்காரங்க யாரு?"

என் விரல் மவுஸிலேயே நின்றுவிட்டது.

போன வருஷம் என் தம்பி கடைசியாகப் படுத்திருந்தது அந்தப் படுக்கையில்தான்.

என் இருமலை, தும்மலைக்கூட எந்தப் பதிவிலும் கண்டுபிடித்துவிடுவேன். என் அழுகையை மட்டும் நான் அதுவரை கேட்டதே இல்லை.

அது என் இயக்குநர் நண்பனுக்கும் தெரிந்திருக்கிறது. மின்விசிறிக்கு அடியில் இன்னொரு குரல் ஒளிந்திருப்பதுதான் தெரியவில்லை.

கதவை முழங்கையால் தள்ளிக்கொண்டு, இரண்டு கையிலும் டீயோடு உள்ளே வந்தான். "சுத்தமாயிடுச்சா?"

ஹெட்ஃபோனைப் பிடுங்கிவிட்டு ஸ்பீக்கரில் போட்டேன்.

உரசல் இல்லை. இரைச்சல் இல்லை. நான் அழுதேன். என் காதோரம், மெல்ல, அவன் குரல்:

"அழாதடா மச்சான். நான் இருக்கேன்ல."