கண்ணாடிக்கு அடியில் ஒரு முகம்

எழுத்தாளர் ராசமாணிக்கத்தின் உடல் ஐஸ் பெட்டியில் இருந்தது. பெட்டியின் கண்ணாடி மூடியே ஒரு மின்திரை. எல்லாப் புத்தகங்களின் பின்னட்டையிலும் பதிப்பகம் போட்டுவந்த அதே முகம் அதில் தெரிந்தது: நரைத்த தாடி, சோகக் கண்கள், மோவாயில் ஊன்றிய கை.

"தம்பி, இவருக்குத் தாடியே கிடையாது. அரிக்குதுன்னு ஒரு நாள்கூட வெச்சதில்ல" என்றாள் மனைவி செங்கமலம். "எரிக்கறதுக்கு முன்னால என் மனுஷன் மூஞ்சியை ஒரு தடவை பாத்துக்கறேன். இதை அணைங்க."

"ஐயோ, வரிசை கேட் வரைக்கும் நிக்குதும்மா. அவங்களுக்குத் தெரிஞ்சது இந்த மூஞ்சிதான்" என்றான் பதிப்பகத்து ஆள் கிளமென்ட்.

அவன் போன் பேசத் திரும்பியதும் செங்கமலம் மூடியைத் தூக்கிவிட்டாள். உள்ளே மழமழவென்று உருண்டை முகம். வெற்றிலைக் கறை ஏறிய தெற்றுப்பல் உதட்டை மீறித் தெரிய, ஏதோ ஜோக் சொல்லப்போகிறவர் மாதிரியே படுத்திருந்தார்.

"யாருடா இந்த ஆளு?" என்று வரிசையில் ஒருவர் கத்தினார். "பாடியை மாத்திட்டாங்க! தூக்கி வெளிய போடுங்கடா!"

நாலைந்து கைகள் பெட்டிக்குள் நீண்டன. செங்கமலம் பதறிப்போய் மூடியைச் சாத்தினாள். தாடி முகம் திரும்ப வந்தது. நீண்ட கைகள் உடனே கும்பிட்டன.

அழுதுகொண்டிருந்த ஒரு பெண் அவள் தோளைப் பிடித்துக்கொண்டாள். "சிரிக்கவே தெரியாத மனுஷன், பாவம். அவர் உங்களுக்கு என்ன வேணும்மா?"

மனைவி என்றால் உள்ளே இருக்கும் முகத்தையும் சொல்லியாக வேண்டும்; அந்தக் கைகள் மறுபடி நீளும்.

"நானும் வாசகிதாம்மா" என்றாள் செங்கமலம்.