குடைக்குள்ளே யார்?

"அடிபட்டவர் செத்துட்டா, கேஸும் அவரோட சேர்ந்து செத்துடுமா மேடம்?"

கோர்ட்டிலிருந்து அப்போதுதான் மூச்சு வாங்கப் படியேறி வந்த வக்கீலம்மா, கறுப்புக் கோட்டைக் கழற்றி நாற்காலியில் மாட்டினார். எதிரே, மடியில் சால்வையைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தவர் ஒரு வணக்கம்கூட வைக்கவில்லை. மரியாதைக்காவது எழுந்திருக்கவும் இல்லை. குமாஸ்தா இவரை உள்ளே விட்டுவிட்டுச் சாப்பிடப் போயிருந்தார்.

"என்ன விபத்து?"

"பைக்ல போனவரை லாரி தட்டிடுச்சு. முதுகெலும்பு போச்சு. அதுலயே கிட்னியும் போச்சு. எல்லாம் அந்த அடியோட வினைதான்னு டாக்டர் சொல்லிட்டார்."

"அப்ப கேஸ் சாகாது. காயத்தாலதான் உயிர் போச்சுன்னு நிரூபிச்சா, நஷ்டஈட்டுக்கு மனைவியே தொடர்ந்து நடத்தலாம். எப்ப இறந்தார்?"

"அதை அப்புறம் சொல்றேன். ஜன்னல் வழியா கொஞ்சம் எட்டிப் பாருங்களேன். பச்சைக் குடையோட ஒருத்தி நிக்கிறாளா?"

வக்கீலம்மா வேண்டாவெறுப்பாக எட்டிப் பார்த்தார். எதிர்ச் சாரியில் ஒரு வேன். அதன் பின்கதவைத் திறந்து வைத்துக்கொண்டு ஒருவன் உள்ளே எதற்கோ எண்ணெய் போட்டுக்கொண்டிருந்தான். பக்கத்தில் பச்சைக் குடை.

"நிக்கிறாங்க. யார் அது?"

"அடிபட்டவரோட பொண்டாட்டி. கூட நிக்கிறவன் பக்கத்து வீட்டு மெக்கானிக். குடைக்குள்ள அவ மட்டும்தானா, அவனுமா?"

"என்ன கேள்வி இது?"

"சொல்லுங்க மேடம்."

"வெயில் கொளுத்துது. அவனுக்கும் சேர்த்துத்தான் பிடிச்சிருக்காங்க."

வந்தவரின் முகம் கடுகடுவென்று ஆனது. "பிடிப்பா, பிடிப்பா. சிரிக்கிறாளா?"

வேன் கதவில் அந்த ஆள் தலையை இடித்துக்கொள்ள, கீழே அந்தப் பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். வக்கீலம்மாவுக்கே சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிக்கொண்டார்.

"நீங்களே வந்து பாருங்களேன். நான் என்ன உங்களுக்கு ஒற்றர் வேலையா பார்க்கிறேன்?"

அவர் அசையவில்லை. "சிரிச்சிருப்பா. புருஷன்கிட்ட அவ இப்படிச் சிரிச்சு ரெண்டு வருஷம் ஆச்சு. அந்தத் தடியன் வாயைத் திறந்தாலே சிரிப்புத்தான். குழாய் ரிப்பேரா? அவன். மருந்து வாங்கணுமா? அவன். வீட்டுல ஆணி அடிக்கணும்னாக்கூட அவன்தான்!"

"உங்களுக்கு எங்கே எரியுது?"

"வயிறுதான் மேடம். திகுதிகுன்னு எரியுது."

வக்கீலம்மாவுக்கு இந்த மாதிரி ஆட்கள் புதிதில்லை. சாவு விழுந்த வீட்டில் கண்ணீர் காயுமுன்னே கணக்குப் பார்க்க வரும் சொந்தக்காரர்கள்.

"நீங்க யாரு? கொழுந்தனா?"

"நெருங்கின சொந்தம்."

"கேஸ் நடத்துற வக்கீல் இருப்பாரே, அவர்கிட்ட கேட்க வேண்டியதுதானே?"

"அவர்கிட்ட கேட்டா அவ காதுக்குப் போயிடும். நேராவே கேட்கிறேன் மேடம். புருஷன் போனப்புறம் அவ இந்த மெக்கானிக்கையே கட்டிக்கிட்டா, விபத்துப் பணம் கைநழுவிடும்னு ஆஸ்பத்திரியில ஒருத்தர் சொன்னாரே, நிஜமா?"

வந்துவிட்டதா விஷயம்! வக்கீலம்மா கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார்.

"நல்லா காதுல வாங்கிக்குங்க. அவங்க மெக்கானிக்கைக் கட்டிக்கலாம், மந்திரியைக் கட்டிக்கலாம். போன புருஷனுக்காக வர்ற பணம் அவங்க பணம்தான். ஒரு பொண்ணு மறுபடி வாழறதுக்கு அபராதம் கிடையாது. உங்க வயித்தெரிச்சலை நம்பி எந்த ஜட்ஜும் தீர்ப்பு எழுத மாட்டார்."

"நிச்சயமா?"

"நூத்துக்கு நூறு."

அவர் கண்களை மூடிக்கொண்டார். மூக்கின் ஓரமாக ஒரு சொட்டு வழிந்தது. ஆசையில் மண் விழுந்தால் அழுகை வரத்தானே செய்யும் என்று வக்கீலம்மா நினைத்துக்கொண்டார்.

"கேட்க வேண்டியதைக் கேட்டாச்சில்ல? கிளம்புங்க."

அப்போதும் அவர் எழுந்திருக்கவில்லை. சட்டைப் பையிலிருந்து போனை எடுத்து, "முடிஞ்சுது, வா" என்று மட்டும் சொன்னார்.

படிகளில் தடதடவென்று காலடிச் சத்தம். பச்சைக் குடையை மடக்கியபடி அந்தப் பெண் உள்ளே ஓடி வந்தாள். நேரே அவர் காலடியில் மண்டியிட்டு, நழுவியிருந்த சால்வையை இழுத்துப் போர்த்தினாள். சால்வைக்குக் கீழே இரண்டு கால்களும் குச்சி குச்சியாக, உயிரில்லாமல் தொங்கின.

"என்னங்க, இவ்வளவு நேரமா சாயாம உட்கார்ந்திருக்கீங்களே, முதுகு என்னத்துக்கு ஆகும்? வக்கீலை மாத்தறதைப் பத்தி மேடம் என்ன சொன்னாங்க? சக்கர நாற்காலி கீழே ரெடியா இருக்கு. இருங்க, தூக்கறதுக்கு அவரைக் கூப்பிடறேன்" என்றபடி மாடிப்படிக்கு ஓடினாள்.

வக்கீலம்மா தன்னையறியாமல் எழுந்து நின்றார்.

"நான் போனப்புறம் இவ உங்ககிட்ட வருவா மேடம்" என்றார் அவர், வாசலைப் பார்த்துக்கொண்டே தணிந்த குரலில். "பணம் போகாது, தைரியமா அவனைக் கட்டிக்கோன்னு நீங்களே சொல்லிடுங்க. ஆனா இப்போ வாயைத் திறந்துடாதீங்க... நான் உசுரோட இருக்கிற வரைக்கும் எனக்கு அது பொறுக்காது!"