டைட்டில் கார்டு

எடிட்டிங் அறைக்குள் நுழைந்ததுமே தயாரிப்பாளர் கேட்டார்: "என் பேர் எங்கப்பா?"

இருபது வருடமாக ஆவணப்படம் எடுக்கிறவர், ஒன்றைக்கூட முழுசாகப் பார்த்ததில்லை. பெயர் வரும் இடத்தை மட்டும் பார்ப்பார். இப்போது அவருக்கு எழுதுவது நான், 'எழுத்து, தயாரிப்பு' என்று வருவது அவர் பெயர். இந்த முறை படமே அவரைப் பற்றித்தான். வாழ்நாள் விருதுக் குழுவுக்குப் போகிறது.

"அண்ணே, இதுலயாவது எழுத்துன்னு என் பேரைப் போட்டுக்கட்டுமா?"

"குதிரைக்குப் புல் போட்டவன் எல்லாம் ராஜாவாடா? என் பேரை இன்னும் பெருசாக்கு."

நான் கேட்ட விலை அவ்வளவுதான். பேரம் படியவில்லை.

"சரிண்ணே. படத்தை ஒரு தடவை பார்த்துடுங்களேன்."

"சமைச்சவன் ருசி பார்த்தா போதும்" என்று சொல்லிவிட்டு, 'முழுக்க நானே எழுதியது' என்ற உறுதிமொழித் தாளில் கையெழுத்துப் போட்டுக் கிளம்பினார்.

விருதுக் குழு முன்னால் படம் ஓடியது. திரை முழுக்க அவர் பெயர். முன்வரிசையில் அவர் மீசையைத் தடவிக்கொண்டார். அரங்கமே கைதட்டியது, என்னளவுக்கு யாரும் தட்டவில்லை.

அடுத்து, ஏழு எழுத்தாளர்கள் ஒவ்வொருவராகத் திரையில் வந்தார்கள். தாங்கள் எழுதிய படத்திலிருந்து தங்கள் பெயரை அவர் எப்படி நறுக்கினார் என்பதைக் கையெழுத்துப் பிரதியோடு சொன்னார்கள். ஏழாவது ஆள் நான்.

அவர் துள்ளி எழுந்தார். "நிறுத்துங்க! சத்தியமா இதுல ஒரு வரிகூட நான் எழுதலை!"

குழுத் தலைவி மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார்.

"அதைத்தானே ஐயா படமும் சொல்லுது?"