சேலைக்கு அடியில்

துணி துவைத்துக் கொடியில் உதறிப் போடும்போது தோணின கதை இது. எங்க தெருவில் பாவாடையைத் தனியாகக் காயப்போட மாட்டோம், மேலே சேலையைப் போட்டு மூடிவிடுவோம்.

அப்படி ஒரு பூப்போட்ட சேலை, கிழிந்த பாவாடையை மூடிக்கொண்டு மினுக்கிக்கொண்டு தொங்கியது.

“கொஞ்சம் நகரு அக்கா, வெயிலே படல. சாயங்காலம் கல்யாணத்துக்கு உள்ள என்னைத்தான் கட்டணும். இப்பவே நாத்தம் அடிக்குது” என்று பாவாடை கெஞ்சியது.

“சும்மா கிட. உன் ஓட்டையை எதிர்வீட்டுச் சேலை பார்த்தா என் மானம் என்னாகுறது?”

காற்று அடித்து இரண்டு வீட்டுச் சேலையையும் தூக்கியது. எதிர்வீட்டுச் சேலைக்கு அடியிலும் ஒரு கந்தல் பாவாடை. இரண்டு சேலையும் ஒன்றின் கிழிசலை ஒன்று பார்த்தன, அவசரமாக மூடிக்கொண்டன.

அப்புறம் எதிர்வீட்டுச் சேலை ஆரம்பித்தது.

“கடைசி வீட்டுக் கொடியைப் பார்த்தியாடி? கிழிஞ்ச பாவாடையை ஊரே பார்க்க விரிச்சுப் போட்டிருக்கா.”

“வெட்கம் கெட்டவ” என்றது நம்ம சேலை.

“அது காஞ்சு மொறமொறன்னு இருக்கே” என்று அடியிலிருந்து பாவாடை சொன்னதை இரண்டும் காதில் வாங்கவில்லை.

சாயங்காலம் கல்யாண வீட்டில் ஈர நாத்தம் குப்பென்று அடித்தது. இரண்டு சேலையும் ஒன்றாகக் கடைசி வீட்டுக்காரி பக்கம் திரும்பி முகம் சுளித்தன. அவள் மெதுவாக எழுந்து இதுங்க கிட்ட வந்து, “நாளைக்கு என் கொடியில கொண்டாந்து போடுங்க, வெயில் நல்லா விழும்” என்றாள். என் அத்தை உள்ளேயிருந்து கூப்பிடுறாங்க, இதோ வந்துட்டேன் அத்தை, புள்ளையைத் தூக்கிக்கிறேன்.