கணக்கு ஆப் கேட்ட கேள்வி

கணக்கு என்றாலே காததூரம் ஓடும் மகள், இப்போது போனில் இருக்கும் ஆப்பில் ஒரு வீட்டுப்பாடக் கணக்கையும் தப்பாகப் போடுவதில்லை. அவள் அம்மா, தையல்காரிக்கு எங்கேயோ இடித்தது.

"யாருடி போட்டுத் தர்றா?"

"யாருமில்லம்மா. முதல்ல வேணும்னே தப்பாப் போட்டேன். அப்பதான் அது நல்லா சொல்லித் தருது. நீயே போட்டுப் பாரு."

மகள் குளிக்கப் போய்க் கதவைத் தாழிட்டாள்.

தையல்காரி ஒரு பெருக்கலைப் போட்டாள். சின்ன வயசுப் பழக்கம், மீதி ஒன்றைக் கூட்ட மறந்துவிட்டாள். திரையில் எழுத்துகள் வந்தன.

'மறுபடியும் அதே தப்பு. நாலாம் வகுப்பில் இதற்காகப் பிரம்படி பட்ட இடம் இன்னும் வலிக்கிறதா?'

அந்த அடியைப் பற்றி அவள் யாரிடமும் மூச்சுவிட்டதில்லை. இடது உள்ளங்கையை மெல்ல மடக்கிக்கொண்டாள்.

குளியலறையிலிருந்து மகள் குரல் கொடுத்தாள்.

"கைய மடக்காதம்மா. அதுக்குப் பிடிக்காது."